வாசகர் கேள்விகள்: 27-வது பேட்டர்

கேள்வி: கிரிக்கெட் நடுவர்களில் பலர் முன்னாள் ஆட்டக்காரர்கள். அமெரிக்க பேஸ்பாலிலும் அப்படித்தானா?
(கல்லூரி மாணவர், விருதுநகர்)

அங்கே அம்பயர் வேலை பெரும்பாலும் இளவயதிலேயே தேர்ந்தெடுக்கிற தனித் தொழில். எங்கே நிற்பது, எப்போது நகர்வது, எப்படிக் குரல் கொடுப்பது என்று சில வாரங்கள் பயிற்சி. தேறியவர்கள் மைனர் லீக் எனப்படும் கீழ்மட்டத் தொழில்முறைப் போட்டிகளின் அடித்தட்டுக்குப் போவார்கள். அங்கே ஆட்டத்துக்கு இரண்டே அம்பயர்கள்தான். ஊர் ஊராகப் பயணம், ராத்தங்கல், சொற்ப சம்பளம். உச்சமட்டமான மேஜர் லீக்கில் நிரந்தர இடங்கள் 76. யாராவது ஓய்வு பெற்றால்தான் ஒன்று காலியாகும். பத்து வருஷம் காத்திருந்தும் கிடைக்காமல் வீடு திரும்பியவர்கள் ஏராளம். கிடைத்தவர்கள் லேசில் விடுவதுமில்லை. 2021-இல் ஓய்வு பெற்ற ஜோ வெஸ்ட் 5,460 ஆட்டங்களில் நின்றிருக்கிறார்.

கேள்வி: கொடுத்த முடிவு தவறு என்று பிறகு தெரிந்தால் அம்பயர் என்ன செய்ய வேண்டும்?
(ஆசிரியர், பட்டுக்கோட்டை)

மேஜர் லீக் அம்பயர் ஜிம் ஜாய்ஸ் செய்ததைச் செய்ய வேண்டும்.

2010 ஜூன் 2, டெட்ராய்ட். டெட்ராய்ட் அணியின் பிட்சர் (பந்து வீசுபவர்) அர்மாண்டோ கலராகா, கிளீவ்லாந்து அணியின் 26 பேட்டர்களை வரிசையாக அவுட் ஆக்கிவிட்டார். ஒருவர்கூட முதல் பேஸை எட்டவில்லை. இன்னும் ஒருவரை வீழ்த்தினால் ஆட்டம் முடிந்து 'பெர்ஃபெக்ட் கேம்', அதாவது எதிரணியில் ஒருவரையும் பேஸை எட்ட விடாத ஆட்டம். மேஜர் லீக் வரலாற்றில் அதுவரை 20 முறைதான் அது நடந்திருந்தது. 27-வது பேட்டர் ஜேசன் டொனால்டு தரையோடு அடித்தார். டெட்ராய்டின் மிகேல் கப்ரேரா பந்தைப் பிடித்து எறிய, கலராகா ஓடிவந்து வாங்கி முதல் பேஸை மிதித்தார். டொனால்டு வந்துசேர இன்னும் ஓர் அடி பாக்கி, அதாவது அவுட். பக்கத்திலேயே நின்ற ஜாய்ஸ் இரண்டு கைகளையும் விரித்தார்: சேஃப், அவுட் இல்லை!

அரங்கமே கொதித்தது. கலராகா மட்டும் லேசாகச் சிரித்துவிட்டுப் பந்து வீசப் போனார். அப்போது ரீப்ளே பார்த்து மாற்றுகிற வசதி ஹோம் ரன்னுக்கு (கிரிக்கெட் சிக்ஸர் மாதிரி) மட்டும்தான் இருந்தது.

ஆட்டம் முடிந்து வீடியோவைப் பார்த்த ஜாய்ஸ், அந்தப் பையனின் பெர்ஃபெக்ட் கேமை நானே கெடுத்துவிட்டேன் என்று பத்திரிகைக்காரர்களிடம் நேராகச் சொன்னார். கலராகாவைப் பார்த்துக் கட்டிப்பிடித்து அழுதார். மறுநாள் லீவு எடுத்துக்கொள்ளலாம் என்றார்கள், மறுத்துவிட்டார். பேட்டர் நின்று அடிக்கும் இடமான ஹோம் பிளேட்டில் நின்ற அவரிடம் அணிப் பட்டியலைக் கொண்டுவந்து கொடுத்தது கலராகாதான். ஜாய்ஸ் கண்ணைத் துடைத்துக்கொண்டே அவர் தோளில் தட்டிக்கொடுத்தார்.

எங்கள் வட்டார கிரிக்கெட்டில் ஒன்பது வருஷம் அம்பயராக நின்றவன் நான். ஒருமுறை கிரீஸுக்குள் வந்துவிட்ட பையனுக்கு ரன் அவுட் கொடுத்துவிட்டேன். சாயங்காலம் நிழல் நீண்டிருந்தது, கண் ஏமாந்துவிட்டது. அன்றிரவே தவறு என்று புரிந்தது. பஸ் ஸ்டாண்டில் கிட்பையோடு நின்ற அவனிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. அதனால்தான் அந்த வீடியோவைப் பார்க்கும்போதெல்லாம் ஜாய்ஸையே பார்க்கிறேன்.

அதே மாதம் இஎஸ்பிஎன் 100 ஆட்டக்காரர்களிடம் கருத்துக் கேட்டபோது, லீக்கின் சிறந்த அம்பயர் என்று அதிகம் பேர் சொன்னது ஜாய்ஸின் பெயரைத்தான்.

கேள்வி: பெண் அம்பயர்கள் உண்டா?
(வாசகி, தென்காசி)

பாம் போஸ்டிமா 13 சீசன் மைனர் லீக்கில் உழைத்தும் 1989-இல் வேலையிலிருந்து வீட்டுக்கு அனுப்பப்பட்டார். அப்புறம் 2025 ஆகஸ்ட் 9 அன்று, அட்லாண்டாவில், மேஜர் லீக் சீசன் ஆட்டத்தில் நின்ற முதல் பெண் அம்பயர் ஆனார் ஜென் பாவல். மறுநாளே ஹோம் பிளேட்டுக்குப் பின்னால் முகமூடி போட்டு நின்றார்.