ஒரு கூரை, பல அடுப்பு

வணக்கம். போன மாதம் செட்டிநாட்டில், காரைக்குடி பக்கம் இருக்கும் கானாடுகாத்தானில் ஒரு பழைய செட்டியார் வீட்டைப் பார்த்தோம். முகப்பில் நின்றால் பின்வாசல் வரை நேராகத் தெரிகிறது. தேக்குத் தூண், பளிங்குத் தரை எல்லாம் நேற்றுக் கட்டியதுபோல. ஆனால் காவலுக்கு இருக்கும் ஒரு பெரியவரைத் தவிர ஆளே இல்லை. குடியிருக்காத வீட்டை இவ்வளவு பெரிதாக ஏன் கட்டினார்கள்? வெறும் ஆடம்பரம்தானே?
க., திருப்பூர்

அன்புள்ள க.,

ஆடம்பரம் இல்லை என்று சொல்ல மாட்டேன். பர்மாத் தேக்கும் இத்தாலியப் பளிங்கும் கப்பலேறி அந்த வறண்ட மண்ணுக்கு வந்தது நாலு பேர் பார்க்கவும்தான். சுவரைத் தொட்டுப் பார்த்தீர்களா? சுண்ணாம்போடு முட்டை வெள்ளைக்கரு, கடுக்காய் எல்லாம் சேர்த்து இழைத்த பூச்சு. சித்திரை வெயிலிலும் கை வைத்தால் சில்லென்று இருக்கும்.

ஆனால் முகப்போடு நின்றுவிட்டால் வீடு பிடிபடாது. நடுவில் வானம் பார்த்த முற்றம், சுற்றிலும் அறைகள் என்று இருக்கிறதே வளவு, சங்கதி அங்கேதான். அந்த அறைகள் மகன்களுக்கு. கல்யாணமானதும் ஆளுக்கொரு பங்கு. மருமகள் கொண்டுவந்த சீர்ச் சாமானெல்லாம் அதற்குள் போய்விடும். அப்புறம் 'வேறு வைத்தல்' என்று ஒரு வழக்கம். மகனும் மருமகளும் அதே கூரைக்குக் கீழே தனியாக உலை வைக்க வேண்டும், செலவுக் கணக்கும் தனி. கூட்டுக் குடும்பம் என்று நாம் நினைத்துக்கொண்டிருப்பது வேறு, இது வேறு.

ஆண்களோ அந்தக் காலத்தில் கொடுக்கல் வாங்கலுக்காக ரங்கூன், பினாங்கு, கொழும்பு என்று போய்விடுவார்கள். அங்கே வட்டிக்கடையைப் பார்த்துக்கொள்ளப் போன ஏஜெண்ட் ஊர் திரும்ப மூன்று வருஷம் ஆகும். வீடு முழுக்க நிரம்பியது கல்யாணத்துக்கும் அறுபதாங் கல்யாணத்துக்கும்தான். எனவே நீங்கள் பார்த்த வெறுமை அந்த வீட்டுக்கு அப்படியொன்றும் புதிதல்ல.

1942இல் ஜப்பானியர் பர்மாவைப் பிடித்ததும் அங்கிருந்து வந்த பண வரத்து நின்றது. அதன் பிறகும் பல வீடுகள் நிற்பதற்குக் காரணம் பாசம் மட்டுமில்லை, பங்காளிகள். சென்னையில் ஒருவர், சிங்கப்பூரில் ஒருவர் என்று சிதறிக் கிடக்கும் எல்லோரும் கையெழுத்துப் போட்டால்தான் விற்க முடியும். வீடுகள் விழுவதற்கும் அதே பங்காளிகள்தான் காரணம். ஓடு ஒன்று நழுவினால் போதும், மழைநீர் உத்தரத்தில் இறங்கிவிடும். அதை மாற்ற யார் பணம் போடுவது? எல்லோரும் விற்க ஒத்துப்போன வீடுகளின் தூணும் நிலைக்கதவும் காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருக் கடைகளில் கிடக்கின்றன. எனக்கென்னவோ, குடும்பக் கல்யாணம் இன்றும் நடக்கிற வீடுகள்தான் ஒழுங்காக இருக்கின்றன. கல்யாணம் வந்தால்தானே வெள்ளையடிப்பார்கள்!

அடுத்த முறை போனால் வளவு அறைகளின் பூட்டைப் பாருங்கள். நான் போன வீட்டில் ஒவ்வொன்றும் ஒவ்வொரு மாதிரி. காவல்காரரிடம் இருந்தது வாசல் சாவி மட்டும்.