பதில்: மாயக் கண்ணாடி எல்லாவற்றையும் காட்டிவிடுகிறது, என்ன செய்ய?

நண்பரே, ராணியிடம் உள்ள மாயக் கண்ணாடி எதிரியின் திட்டம் முழுவதையும் காட்டிவிடுவதால் கதை பாதியிலேயே படுத்துவிடுகிறது, கண்ணாடியைத் தூக்கிவிடலாமா என்று கேட்டிருந்தீர்கள். தயவுசெய்து தூக்காதீர்கள். அதற்கு வரம்பு வையுங்கள்.

டோல்கீன் எழுதிய 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' என்ற மாயக் கதையில் வரும் பலன்டீர் என்னும் பார்வைக் கற்களைப் பாருங்கள். தொலைவில் நடப்பது தெரியும், ஒலி கேட்காது. சுவரும் மலையும் பார்வையை மறைக்காது, இருட்டு மறைத்துவிடும். அதைவிட அருமையான விதி, கல் பொய் காட்டாது என்பது. கதையின் பெரும் வில்லன் சவ்ரோனால்கூட அதைப் பொய் காட்ட வைக்க முடியாது. எது கண்ணில் பட வேண்டும் என்பதில்தான் அவன் கை ஓங்கும். 1955-இல் வந்த மூன்றாம் பாகத்தில், எதிரிகளின் கறுப்புப் பாய் விரித்த கப்பல்கள் ஆற்றில் வருவது, சவ்ரோனை எதிர்த்து நிற்கும் கோண்டோர் நாட்டை ஆளும் டெனத்தோருக்குக் கல்லில் தெரிந்துவிடுகிறது. கப்பல்கள் உண்மை. அவற்றைக் கைப்பற்றி உதவிக்கு வருவது நாயகன் அரகோர்ன் என்பதுதான் அவருக்குத் தெரியாது. நம்பிக்கை அற்றுப்போய்த் தீயில் மாய்கிறார். ஒரு பொய்கூடத் தேவைப்படவில்லை!

எதிரிப் பாசறையில் தம்பி விருந்துண்பதை ராணி பார்க்கிறாள் என்று எழுதியிருக்கிறீர்கள் அல்லவா, அந்த இடத்தில் பேச்சு கேட்காமல் செய்துவிடுங்கள். சமாதானம் பேசப் போனானா, விலைபோனானா என்று அவளே தவிக்கட்டும். ஆனால் ஒலி கேட்காது என்பதைக் கண்ணாடி முதன்முதலில் வரும் அத்தியாயத்திலேயே காட்டிவிடுங்கள். கடைசியில் கொண்டுவந்து செருகினால் வாசகர் ஏற்க மாட்டார்.