குட்டிக்கரணம் யாரையும் காப்பாற்றவில்லை

கேள்வி: 1940-இல் பிரிட்டன் மீது நடந்த வான்போர் பற்றிய காட்சிகளைப் பார்த்தேன். வானத்தில் குட்டிக்கரணம் போடத் தெரிந்த விமானிதானே பிழைத்திருப்பான்? இறந்தவர்கள் திறமை போதாதவர்கள் என்றே தோன்றுகிறது. தீக்காயத்தைத் தடுக்கக் கொடுத்த கண்ணாடியையும் கையுறையையும் பலர் கழற்றிவிட்டார்களாமே, அது அலட்சியம் இல்லையா?
– ஒரு வாசகர், திருச்சி

பதில்: இல்லை, இல்லை, இல்லை. மூன்று கேள்விக்கும் அதுதான் பதில்.

1940 ஜூலை 10 முதல் அக்டோபர் 31 வரை பிரிட்டன் தரப்பில் பறந்தவர்கள் சுமார் 2,900 பேர். அவர்களில் 544 பேர் இறந்தார்கள். இறந்தவர்களில் மிகப் பலர் தம்மைச் சுட்ட விமானத்தைக் கண்ணால் பார்க்கவே இல்லை. பார்க்காத எதிரியிடம் எந்த வித்தையைக் காட்டுவது?

அனுபவமுள்ள ஜெர்மன் விமானியின் வேலை இப்படித்தான் இருந்தது. எதிரியைவிட உயரத்தில், சூரியனை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு காத்திருப்பார். சரேலென்று இறங்கி, எதிரியின் வாலுக்குக் கீழே, அவன் கண்ணுக்கு எட்டாத இடத்திலிருந்து நெருங்குவார். இரண்டு நொடி சுடுவார். அதே வேகத்தில் விலகிப் போய்விடுவார். ஒருவரையொருவர் வட்டமடித்துத் துரத்தும் சண்டை நடந்தது உண்மைதான். ஆனால் பெரும்பாலும் அது இந்த முதல் பாய்ச்சல் தவறிய பிறகு நடந்தது.

ஆகவே முதலில் பார்த்தவன்தான் பிழைத்தான். விமானிகள் பட்டுத் துணியைக் கழுத்தில் சுற்றிக்கொண்டது அழகுக்காக அல்ல. ஓயாமல் தலையைத் திருப்பிப் பின்னால் பார்த்ததில் சட்டைக் காலர் உரசிக் கழுத்துத் தோல் புண்ணானது. விமானி அமரும் இடத்தின் மேல்மூடியில் இருக்கும் பெர்ஸ்பெக்ஸ் என்ற ஒளிபுகும் பிளாஸ்டிக்கில் ஒரு தூசு ஒட்டியிருந்தால் அது தொலைவில் வரும் விமானம் போலவே தெரியும். அதனால் தரைப் பணியாளர்கள் அதைத் துடைத்துத் துடைத்துப் பளபளக்க வைத்தார்கள். பலர் முன்கண்ணாடிக்கு மேலே காரில் இருப்பது போன்ற பின்பார்வைக் கண்ணாடியையும் பொருத்திக்கொண்டார்கள்.

இங்கே ஒரு பெரிய குற்றம் இருக்கிறது. அதை இறந்த இளைஞர்கள் மேல் போடாதீர்கள். போருக்கு முன் பிரிட்டிஷ் விமானப்படை எழுதிவைத்த தாக்குதல் முறைகள், துணைக்குப் போர் விமானம் இல்லாமல் வரும் குண்டுவீச்சு விமானங்களை மனத்தில் வைத்து எழுதப்பட்டவை. மும்மூன்று விமானங்கள் நெருக்கமாக ஆங்கில ‘வி’ வடிவில் பறக்கவேண்டும். பக்கத்தில் பறப்பவர் தலைவரின் இறக்கையில் இடித்துவிடாமல் இருக்க அவரையே பார்த்துக்கொண்டிருந்தாக வேண்டும். மூன்று பேரில் ஒருவர்தான் வானத்தைத் தேட முடிந்தது. ஜெர்மானியர்களோ ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் வெர்னர் மோல்டர்ஸ் என்ற ஜெர்மன் விமானி வகுத்த முறையில், இரண்டிரண்டு ஜோடிகளாக, நடுவில் நல்ல இடைவெளி விட்டுப் பறந்தார்கள். ஒருவர் தாக்க, மற்றவர் அவருடைய முதுகைப் பார்த்துக்கொண்டார். பிரிட்டிஷ் விமானப் பிரிவுகள் இதைக் கற்றுக்கொள்வதற்குள் எத்தனையோ உயிர்கள் போய்விட்டன.

பயிற்சிக் குறை இருந்தது, மறுக்கவில்லை. ஆனால் குறைந்தது வித்தை அல்ல, சுடும் பயிற்சி. பிரிட்டிஷ் போர் விமானமான ஸ்பிட்ஃபயரின் இறக்கைகளில் எட்டு பிரவுனிங் துப்பாக்கிகள், ஒவ்வொன்றுக்கும் 300 தோட்டாக்கள். ஒரு துப்பாக்கி நிமிடத்துக்கு 1,150 தோட்டா அளவில் சுடும். கணக்குப் போட்டால் சுமார் 15 நொடி வரும். பொத்தானை விடாமல் அழுத்தினால் அதற்குள் எல்லாம் தீர்ந்துவிடும். ஜெர்மன் போர் விமானமான மெஸ்ஸர்ஸ்மிட் 109-இன் இறக்கையிலிருந்த 20 மில்லிமீட்டர் பீரங்கிகளுக்கோ தலா 60 குண்டுகள்தான், சுமார் ஏழு நொடி.

இறக்கையில் தள்ளித் தள்ளி இருக்கும் எட்டுத் துப்பாக்கிகளின் தோட்டாக்களும் முன்னால் ஓரிடத்தில் கூடும்படி கோணம் வைப்பார்கள். முதலில் அந்தத் தூரம் 400 கஜம். அவ்வளவு தொலைவிலிருந்து அந்தச் சிறிய தோட்டாக்களால் பெரிய சேதம் செய்ய முடியவில்லை. பிரிட்டிஷ் படையில் பறந்த தென்னாப்பிரிக்கரான ‘செய்லர்’ மாலன் போன்றவர்கள் அதை 250 கஜமாகக் குறைத்துவைத்தார்கள். மிக நெருங்கும்வரை சுடாதே, குறி சரியாக விழுந்தபின் ஒன்றிரண்டு நொடி மட்டும் சுடு, சண்டை நடக்கும் இடத்தில் முப்பது நொடிக்கு மேல் நேராகப் பறக்காதே என்பவை மாலன் தம் விமானிகளுக்குச் சொன்ன விதிகளில் சில. புதியவர்கள் இதில்தான் தவறினார்கள். பதற்றத்தில் தூரம் குறைவாகத் தெரிய, எட்டாத இடத்திலிருந்தே சுட்டுத் தீர்த்தார்கள்.

குறுக்கே போகும் விமானத்தைச் சுடுவது இன்னும் கடினம். 230 மீட்டர் தொலைவில், மணிக்கு 480 கிலோமீட்டர் வேகத்தில் அது குறுக்காகப் போகிறது என்று வையுங்கள். தோட்டா போய்ச் சேருவதற்குள் அது நாற்பது மீட்டர் அளவுக்கு நகர்ந்துவிடும், அதாவது தன் நீளத்தைப் போல நான்கைந்து மடங்கு. அவ்வளவு முன்னால், ஒன்றுமில்லாத வெற்று வானத்தைப் பார்த்துச் சுடவேண்டும். மனித மனம் இதற்கு எளிதில் இணங்காது. சிறந்த விமானிகள் பலர் நேர் பின்னால் போய் மிக அருகில் சுட்டதற்குக் காரணம் இதுதான்.

விமானங்களும் விமானி சொன்னதையெல்லாம் கேட்கவில்லை. ஸ்பிட்ஃபயரின் மெர்லின் எஞ்சினில் மிதவை வைத்த கார்புரேட்டர். மூக்கைச் சட்டெனக் கீழே தள்ளினால் பெட்ரோல் மேலே எழும்பி, எஞ்சின் இருமி நின்றுபோகும். ஜெர்மன் எஞ்சினில் பெட்ரோல் நேரடியாகப் பீய்ச்சப்பட்டதால் அந்தத் தொல்லை இல்லை. தப்பவேண்டுமானால் 109 நேராகக் கீழே பாய்ந்துவிடும். பின்தொடர, ஸ்பிட்ஃபயர் முதலில் பாதி உருண்டு தலைகீழாகி அதன்பின் இறங்கவேண்டும். அதற்குள் எதிரி போயே போய்விடுவான். பீட்ரிஸ் ஷில்லிங் என்ற பெண் பொறியாளர் துளையிட்ட ஒரு சிறு உலோகத் தடுப்பைக் கொண்டு இதற்கு ஓரளவு தீர்வு கண்டார். ஆனால் அது விமானங்களுக்கு வந்து சேர்ந்தது 1941-இல். மேலும், வேகமான பாய்ச்சலில் ஸ்பிட்ஃபயரின் துணி போர்த்திய ஐலரான்கள், அதாவது விமானத்தைப் பக்கவாட்டில் சாய்க்கும் இறக்கை மடல்கள், இறுகிவிடும். மணிக்கு 640 கிலோமீட்டரை நெருங்கினால் இரண்டு கையால் தள்ளினாலும் கைப்பிடி அசைவது கடினம். இறுக்கமாகத் திரும்பினால் தலையிலிருந்து இரத்தம் கீழிறங்கிப் பார்வை முதலில் சாம்பலாகும், பிறகு இருண்டுபோகும். 109-க்கும் குறை உண்டு. இறுக்கமான திருப்பத்தில் இறக்கையின் முன்விளிம்புத் தகடுகள் தாமாகத் திறக்கும்போது விமானம் உதறி, பிடித்த குறியைக் கெடுத்துவிடும். அதோடு சுமார் 400 லிட்டர் பெட்ரோல்தான். லண்டன் மேல் பத்து, இருபது நிமிடம் இருக்கலாம். சிவப்பு விளக்கு எரிந்தால் சண்டையை விட்டுவிட்டு ஆங்கிலக் கால்வாயைக் கடக்கவேண்டும்.

இனி கண்ணாடிக்கும் கையுறைக்கும் வருகிறேன். உங்கள் கேள்வியில் என்னை அதிகம் வருத்தியது அதுதான். கண்ணாடியின் சட்டம் பக்கவாட்டுப் பார்வையை மறைக்கும். அதன் மேல் விழும் பிரதிபலிப்பும் கண்ணை ஏமாற்றும். பார்ப்பது ஒன்றே உயிரைக் காக்கும் இடத்தில் அதை நெற்றிக்குத் தள்ளாமல் என்ன செய்வார்கள்? தடித்த தோல் கையுறை போட்டால் சுடும் பொத்தானும் சிறு திருகுகளும் விரலுக்குச் சரியாகப் புலப்படாது. இரண்டு ஆபத்தில் எது முதலில் வரும் என்று எடைபோட்டு எடுத்த முடிவு அது.

ஸ்பிட்ஃபயரில் சுமார் 385 லிட்டர் பெட்ரோல் விமானிக்கு நேர் முன்னால் இருந்தது. மற்றொரு பிரிட்டிஷ் போர் விமானமான ஹரிக்கேனில் கருவிப் பலகைக்கு முன்னால் ஒரு தொட்டி, இறக்கைகள் உடலோடு சேரும் இடத்தில் இரண்டு. பற்றிக்கொண்டால் காற்று தீயை முகத்துக்கே கொண்டுவரும். தப்பிக்கும் வேலைகளையும் பாருங்கள். மேல்மூடியைத் திறக்கவேண்டும், அதிவேகத்தில் அது சிக்கிக்கொள்ளும். ஆக்ஸிஜன் குழாயையும் ரேடியோ வயரையும் பிடுங்கவேண்டும், தோள்வாரின் ஊசியை இழுக்கவேண்டும், முடிந்தால் விமானத்தைத் தலைகீழாக்கி வெளியே விழவேண்டும். இத்தனையும் சில நொடியில், எரியும் கைகளால். 1940 ஆகஸ்ட் 16 அன்று ஜேம்ஸ் நிக்கல்சன் எரியும் ஹரிக்கேனில் இருந்தபடியே எதிரியைச் சுட்டுவிட்டுத்தான் குதித்தார். பிரிட்டனின் மிக உயர்ந்த வீர விருதான விக்டோரியா கிராஸ் பெற்றார்.

கடலில் விழுந்த பிரிட்டிஷ் விமானிகளுக்கு மிதவைச் சட்டை மட்டுமே இருந்தது. ஜெர்மானியர்களிடம் காற்றடைத்த சிறு படகும், நீரில் நிறம் பரப்பும் சாயமும் இருந்தன. ஆனால் அந்த உப்பு நீரே மருத்துவர்களுக்கு ஒன்றைக் கற்பித்தது. கடலில் விழுந்து மீண்டவர்களின் தீக்காயம் நன்றாக ஆறியதைக் கவனித்த பிளாஸ்டிக் அறுவை மருத்துவர் ஆர்ச்சிபால்ட் மெக்கிண்டோ, காயத்தை மரத்தோல் போல இறுக்கிவிடும் டானிக் அமிலப் பூச்சை எதிர்த்து, இங்கிலாந்தின் கிழக்கு கிரின்ஸ்டெட் மருத்துவமனையில் உப்புநீர்க் குளியலைக் கொண்டுவந்தார். அவர் முதலில் கவனித்தது பெரும்பாலும் இமைகளை. மூட இமை இல்லாத கண் உலர்ந்து பார்வை போய்விடும். மெல்லிய தோலை எடுத்து, இமையாக வைத்துத் தைத்தார். அவரிடம் சிகிச்சை பெற்றவர்கள் 1941-இல் தொடங்கிய சங்கத்தில் போர் முடிவதற்குள் 649 பேர் சேர்ந்திருந்தார்கள். அவர்களில் சிலர் மறுபடியும் விமானம் ஓட்டப் போனார்கள்.