அமெரிக்க உச்ச நீதிமன்றத்துக்கு ஒரு சட்டத்தைச் செல்லாது என்று சொல்லும் அதிகாரம் எங்கிருந்து வந்தது?

அரசியலமைப்பில் அப்படி ஒரு வரியே வெளிப்படையாகக் கிடையாது. 1803இல் மார்பரி எதிர் மேடிசன் வழக்கில் நீதிமன்றமே எடுத்துக்கொண்டது என்றுதான் சொல்ல வேண்டும்.

கதை இதுதான். 1800 அதிபர் தேர்தலில் ஜெபர்சனிடம் தோற்ற அன்றைய அதிபர் ஜான் ஆடம்ஸ், பதவி முடியும் கடைசி நாட்களில் தன் கட்சிக்காரர்களை அவசர அவசரமாக நீதித்துறைப் பதவிகளில் நியமித்தார். வில்லியம் மார்பரிக்கும் ஒரு சின்னப் பதவி; ஆணையில் கையெழுத்தாகி முத்திரையும் விழுந்துவிட்டது, ஆனால் கையில் போய்ச் சேரவில்லை. ஜெபர்சனின் புதிய அரசு, அதாவது அதன் வெளியுறவுச் செயலர் மேடிசன், அதைத் தர மறுத்தது. மார்பரி நேராக உச்ச நீதிமன்றத்துக்குப் போனார்.

வேடிக்கை என்னவென்றால், ஆடம்ஸ் அரசில் வெளியுறவுச் செயலராக இருந்து அந்த ஆணைகளை அனுப்பிவைக்கத் தவறியவர் ஜான் மார்ஷல், இப்போது தலைமை நீதிபதியாக இதை விசாரிப்பவரும் அவரே! இன்று என்றால் விலகச் சொல்லியிருப்பார்கள்.

ஆணையைக் கொடு என்று தீர்ப்பளித்தால் ஜெபர்சன் அரசு மதிக்காமல் போகலாம், மறுத்தால் பயந்துவிட்டார்கள் என்பார்கள். சரி, மார்ஷல் என்ன செய்தார்? மார்பரிக்கு உரிமை உண்டு, ஆனால் இந்த வழக்கை நேரடியாக எங்களிடம் கொண்டுவர வழிசெய்யும் 1789ஆம் ஆண்டுச் சட்டத்தின் 13ஆம் பிரிவு அரசியலமைப்புக்கு முரணானது, அதனால் செல்லாது என்றார். மார்பரிக்குப் பதவி கிடைக்கவில்லை, ஜெபர்சனுக்கு மீறுவதற்கு உத்தரவும் இல்லை.

அப்புறம் அந்த நீதிமன்றம் காங்கிரஸின் (அமெரிக்க நாடாளுமன்றத்தின்) சட்டம் ஒன்றை மறுபடி ரத்து செய்தது 1857இல், அடிமைமுறையை ஆதரித்த டிரெட் ஸ்காட் தீர்ப்பில்.