ஐரோப்பிய மறுமலர்ச்சிக் கால அரசவைப் பெண்களின் அன்றாட வாழ்க்கை வரலாற்றாளர்களுக்கு எப்படித் தெரியவருகிறது?

பெரும்பாலும் அடுத்தவர் கடிதங்களைப் படித்துத்தான். எனக்கு இதில் பிடிப்பு வந்ததே ஒரு காடைக் கதையால்.

1537ஆம் ஆண்டு. இங்கிலாந்து அரசர் எட்டாம் ஹென்றியின் மூன்றாவது மனைவி ஜேன் சீமோர் கர்ப்பமாக இருக்கிறார். மசக்கையில் காடைமேல் ஆசை, அங்கேயோ கிடைக்கவில்லை. கடலுக்கு அக்கரையில், அப்போது ஆங்கிலேயர் வசமிருந்த கலே நகரில் அரசப் பிரதிநிதியாக இருந்தவர் லைல் பிரபு. கொழுத்த காடையாகப் பார்த்து அனுப்பும்படி அவருக்குக் கடிதம் போகிறது.

அவருடைய மனைவி ஹானர் விடுவாரா? முதல் கணவருக்குப் பிறந்த தன் பெண்களில் இருவரை அரசியிடம் தோழியாகச் சேர்த்துவிட அவர் படாத பாடு பட்டுக்கொண்டிருந்தார். காடைகள் கப்பலேறின. ஜூலையில் ஒரு நாள், அவற்றைச் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே அரசி அந்தப் பெண்களைப் பற்றிப் பேச்செடுத்தார். இருவரையும் அனுப்பட்டும், பார்த்து ஒருத்தியை வைத்துக்கொள்ளலாம் என்று முடிவானது. நம் ஊர்ப் பெண் பார்க்கும் படலம் தோற்றது! செப்டம்பரில் இருவரில் ஆன் பாசெட் தேர்வானாள்.

இவ்வளவையும் குடும்பத்தின் லண்டன் முகவர் ஜான் ஹஸி ஹானருக்கு எழுதி அனுப்பியிருக்கிறார். அதற்குப் பிறகு வருவதெல்லாம் துணிக்கணக்கு. ஆன் பிரெஞ்சுக் குடும்பமொன்றில் தங்கிப் பழகியவள். அந்தப் பிரெஞ்சு பாணித் தலையணி இங்கே ஆகாது, வெல்வெட்டில் ஆங்கில பாணித் தலையணி வேண்டும். உள்ளாடைத் துணி முரடாக இருக்கிறது, மெல்லியதாகத் தைத்து அனுப்புங்கள் என்று ஒன்றன்பின் ஒன்றாக. சம்பளம் ஆண்டுக்கு 10 பவுண்டுதான். உடுத்தும் செலவு தாய் தலையில். அரசவை வாழ்க்கை என்றால் நடனமும் விருந்தும் என்று நினைத்திருந்த எனக்கு, முரட்டுத் துணிக்காக ஒரு பெண் குன்றி நின்றிருப்பாளே என்றுதான் தோன்றியது.

இந்தக் கடிதங்கள் பிழைத்ததற்குக் காரணம் பாசமோ பெருமையோ அல்ல. 1540இல் தேசத்துரோகச் சந்தேகத்தில் லைல் பிரபுவைக் கைது செய்து, வீட்டிலிருந்த காகிதங்களை அரசு அள்ளிக்கொண்டுபோனது. அப்படித் தங்கியவை சுமார் 3,000. அன்று சந்தேகம் வராமல் போயிருந்தால் காடையைப் பற்றி நமக்கு யார் சொல்லியிருப்பார்கள்?

ஒரு சிக்கல் உண்டு. பறிமுதலானவற்றில் வந்த கடிதங்களே அதிகம். ஹானர் எழுதியனுப்பியவை குறைவு. அவையும் பெரும்பாலும் எழுத்தரிடம் சொல்லி எழுதவைத்தவை. ஆகவே பதிலை வைத்துக் கேள்வியை ஊகிக்கிற வேலை இது. துணி முரடு என்ற புகாருக்கு ஹானர் என்ன முணுமுணுத்தார் என்பதை, ஹஸியின் அடுத்தடுத்த கடிதங்களிலிருந்துதான் பிடிக்க வேண்டும்.

ஆனுக்கு அந்த உடைகளால் அதிகப் பயன் இருக்கவில்லை. ஆண் குழந்தை பெற்ற பன்னிரண்டாம் நாள், அக்டோபர் 24 அன்று, ஜேன் சீமோர் இறந்தார். அடுத்த அரசி வரும்வரை பெண்ணை யார் வீட்டில் தங்கவைப்பது என்று மறுபடியும் கடிதங்கள் தொடங்குகின்றன.