திகைப்பூண்டும் ஐரிஷ் மழையும்

அன்புள்ள ஐயா,

அயர்லாந்தின் நாட்டார் கதைகளைப் பற்றி நீங்கள் எழுதியிருந்ததைப் படித்தேன். என் மகள் அங்கே கால்வே நகரில் படிக்கிறாள். தொலைபேசியில் அவள் பேசுவதில் பாதி மழையைப் பற்றித்தான் இருக்கும். வயலில் ஒரு குறிப்பிட்ட புல்கட்டியை மிதித்தவர் வழிதவறி இரவெல்லாம் சுற்றுவார் என்று நீங்கள் குறிப்பிட்டதும், எங்கள் அப்பாயி சொன்ன திகைப்பூண்டு நினைவுக்கு வந்தது. எனக்கு இரண்டு ஐயங்கள். ஓயாத மழையும் இருட்டும் தந்த பயத்தில்தான் இத்தனை கதைகள் பிறந்தனவா? அல்லது அந்த ஊர் முன்னோர்கள் தம் அறிவியலைக் கதைக்குள் ஒளித்துவைத்தார்களா? ஏப்ரல் முதல் வாரம் அங்கே போகிறேன். போவதற்கு முன் தெரிந்துகொள்ள விரும்புகிறேன்.

க., கும்பகோணம்

அன்புள்ள க.,

முதலில் மழையைப் பற்றி நமக்கு இருக்கும் ஒரு தப்பெண்ணத்தை நீக்கிவிடலாம். டப்ளினில் ஆண்டுக்குப் பெய்யும் மழை சுமார் 750 மில்லிமீட்டர்; சென்னையில் அது ஏறத்தாழ 1,400. ஆனால் நம் ஊரில் ஐப்பசியும் கார்த்திகையும் கொட்டித் தீர்த்துவிட்டுப் போய்விடும்; அங்கே அதே நீர் ஆண்டு முழுவதற்கும் பங்கிட்டுத் தரப்படுகிறது. கிழக்குப் பகுதியில் ஆண்டில் 150 நாள், உங்கள் மகள் இருக்கும் மேற்குப் பக்கம் 225 நாள் வரை மழைநாள். அட்லாண்டிக்கின் மேல் ஈரத்தை அள்ளிக்கொண்டு தென்மேற்கிலிருந்து வரும் காற்று, தட்டின் விளிம்பைப் போலக் கரையோரமாக எழுந்து நிற்கும் மலைகளில் மோதி, பாரத்தின் பெரும்பகுதியை அங்கேயே இறக்கிவிடுகிறது. அதனால் மேற்கு மலைகளில் 2,000 மில்லிமீட்டரும் தாண்டும். அட்லாண்டிக்கின் கடல்நீரோட்டம் தரும் வெதுவெதுப்பால், கடுங்குளிர் கொண்ட கனடாவின் லாப்ரடார் இருக்கும் அதே அட்சரேகையில் இருந்தும் அந்தத் தீவு உறைவதில்லை. ஜனவரியிலும் சராசரி வெப்பம் 5 டிகிரியை ஒட்டியே நிற்கிறது. குளிராலும் வெயிலாலும் காயாத நிலம் அது. எப்போதும் நனைந்தே கிடக்கிறது.

கதைகள் பிறந்தது இந்த நனைந்த நிலத்தில்தான் என்பது என் எண்ணம். ஒரு மே மாதத்தில், மேயோ பகுதியில் பீட் எனப்படும் கரிமண்ணை வெட்டுவதைப் பக்கத்தில் நின்று பார்த்தேன். பக்கவாட்டில் இறக்கை வைத்த குறுகலான மண்வெட்டியை ஒரே அழுத்தாக அழுத்தினால், செங்கல் அளவுள்ள துண்டு ஒன்று அல்வாவைப் போல வழுக்கிக்கொண்டு வருகிறது. கையில் வாங்கினால் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர்தான். விரலிடுக்கில் பழுப்பு நீர் ஒழுகியது, நாரும் வேரும் அழுகாமல் அப்படியே தெரிந்தன. மழைநீர் தேங்கிக் காற்றுப் புகாமல் போன இடத்தில் பாசியும் புல்லும் மட்காமல் ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்து, ஆண்டுக்குச் சுமார் ஒரு மில்லிமீட்டர் வீதம் உயர்ந்து உண்டான மண் அது. வெட்டிக்கொண்டிருந்தவர் இடுப்பளவுக் குழியில் நின்றார். அதாவது சுமார் ஆயிரம் ஆண்டு ஆழத்தில். அவர் நிமிர்ந்து, தூறலைப் பார்த்து, இன்று ‘மிருதுவான நாள்’ என்றார். ஐரிஷ் மொழியில் மிருதுவுக்கு ‘பொக்’ என்று பெயர். தூறல் விழும் நாளும் ‘பொக்’, கால் புதையும் சதுப்பும் அதே சொல்லின் வழிவந்ததுதான். ஆங்கிலம் சதுப்புக்கு வைத்திருக்கும் சொல்லையும் அங்கிருந்துதான் எடுத்துக்கொண்டது. வானத்தையும் தரையையும் ஒரே சொல்லால் தொட முடிந்தவர்கள் மழைக்குப் பயந்து கதை கட்டினார்கள் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

இனி உங்கள் திகைப்பூண்டு. அங்கே அதை மிதிப்பவர் பெரும்பாலும் தம் சொந்த வயலில்தான் மிதிக்கிறார். தினமும் நடந்த வயல்தான், வாசல் எங்கே என்று கண்ணை மூடிக்கொண்டும் சொல்லக்கூடியவர்தான். ஆனால் வேலியோரமாகச் சுற்றிச் சுற்றி வந்தும் வாசல் கிடைக்காது. மேலங்கியைக் கழற்றி உட்புறம் வெளியே வரும்படி திருப்பிப் போட்டுக்கொண்டால் கட்டு அவிழும், வாசல் எதிரிலேயே இருக்கும். மேற்குக் கரையின் சதுப்பில் மூடுபனி இறங்கும்போது நின்று பார்த்தவருக்கு இதில் வியப்பிருக்காது. மரம் இல்லை, மேடு இல்லை, பத்தடிக்கு அப்பால் எல்லாத் திசையும் ஒரே சாம்பல் நிறம். அங்கியைத் திருப்பிப் போடுவதற்காக ஒருவர் நின்றாக வேண்டும் என்பதையும் கவனியுங்கள்.

ஆனால் இதைச் சொன்ன உடனே, “பார்த்தீர்களா, முன்னோர்கள் சும்மா சொல்லவில்லை” என்று கிளம்பிவிடுவோம் என்பதுதான் என் கவலை. உங்கள் இரண்டாவது ஐயம் அந்தப் பக்கம் சாய்கிறது. அதற்கு மறுப்பாக ‘பசிப்புல்’ கதை ஒன்றே போதும். அதுவும் மிதிக்கக் கூடாத புல்தான். மிதித்தால் தீராப் பசி வந்து, நடக்க முடியாமல் விழுந்துவிடுவார்கள். அதனால் வழிநடைக்குப் போகிறவர்கள் சட்டைப்பையில் ஒரு துண்டு ரொட்டி வைத்திருப்பார்கள். அந்தப் புல் எங்கே முளைக்கும் என்று கேட்டால், பஞ்சத்தில் யாரோ விழுந்து இறந்த இடத்தில் என்பார்கள். 1845இல் உருளைக்கிழங்கில் கருகல் நோய் விழுந்தது. அந்த நோய்க்கிருமிக்கு இதமான வெப்பமும் விடாத ஈரமும் வேண்டும். இரண்டுமே அந்தத் தீவின் இயல்பு. அடுத்த சில ஆண்டுகளில் சுமார் 10 லட்சம் பேர் இறந்தார்கள், மேலும் 10 லட்சம் பேராவது கப்பலேறினார்கள். நோயை மழை பரப்பியது என்றாலும், சாவை வானத்தின் கணக்கில் மட்டும் எழுத முடியாது. பஞ்சத்தின்போதும் அங்கிருந்து தானியம் ஏற்றுமதியானது. 10 டிகிரிக்கு மேல் வெப்பமும் 90 சதவீத ஈரப்பதமும் மணிக்கணக்கில் நீடித்தால், அந்நாட்டு வானிலை மையம் இன்றும் கருகல் நோய் எச்சரிக்கை விடுக்கிறது. அறிவியல் அங்கே இருக்கிறது, அதன் வேலையைச் செய்கிறது. பசிப்புல் செய்வது வேறு: கல்லறை கிடைக்காமல் வழியோரத்தில் செத்தவர்களின் இடத்தை, மிதித்துவிட்டுப் போய்விடாதபடி ஒரு புல்லால் அடையாளம் வைக்கிறது.

தேவதைக் கதைகளைப் பற்றிச் சுருக்கமாகவே சொல்கிறேன், அவை ஏற்கெனவே சுற்றுலாக் கடைகளில் போதுமான அளவுக்குக் கிடைக்கின்றன. கிளேர் மாவட்டத்தில் 1999இல் ஒரு நெடுஞ்சாலை வேலையின்போது, வழியில் நின்ற தனி முள்மரம் ஒன்று தேவதைகள் கூடும் இடம் என்று எடி லெனிஹான் என்ற கதைசொல்லி குரல் கொடுத்தார். மரம் வெட்டப்படாமல் சாலையோரத்தில் நின்றது. அதை மூடநம்பிக்கை என்று சிரித்தவர்களும் உண்டு. எனக்கு மரத்தை விட்டுவைத்த அந்தச் சாலைப் பொறியாளர்களைப் பிடித்திருக்கிறது.

உங்கள் மகளுக்கு ஓய்வு கிடைத்தால் ஒன்று செய்யச் சொல்லுங்கள். 1937 முதல் 1939 வரை சுமார் 50,000 பள்ளிப் பிள்ளைகள் தம் வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டு எழுதிய நோட்டுப்புத்தகங்கள் இப்போது இணையத்தில் கிடைக்கின்றன. வானிலைக் குறிகளுக்கென்றே அதில் ஒரு தலைப்பு உண்டு. தூர மலை கிட்டத்தில் தெரிந்தால் மழை, பூனை அடுப்புக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தால் மழை, தகைவிலான் குருவி தாழப் பறந்தால் மழை என்று பிள்ளைக் கையெழுத்தில் பக்கம் பக்கமாக இருக்கிறது.

ஏப்ரல் முதல் வாரம் போவதாக எழுதியிருக்கிறீர்கள். அந்த மாதத்தின் முதல் மூன்று நாள்களுக்கு ‘வரிப்பசுவின் நாள்கள்’ என்று பெயர். ஒரு கிழட்டு வரிப்பசு, மார்ச் மாதத்தாலும் தன்னைக் கொல்ல முடியவில்லை என்று வாலைத் தூக்கிக்கொண்டு துள்ளியதாம். கோபம் கொண்ட மார்ச், ஏப்ரலிடம் மூன்று நாளைக் கடன் வாங்கி, வாடையும் ஆலங்கட்டியுமாக அடித்து அந்தப் பசுவைக் கொன்று தோலை உரித்துவிட்டது. ஆகவே குடை வேண்டாம், மேற்குக் கரைக் காற்றில் அது நிற்காது. நல்ல மழைக்கோட்டாக ஒன்று வாங்கிக்கொள்ளுங்கள், உட்புறமும் வெளியே தெரியும்படி திருப்பிப் போடக்கூடியதாக.