மகன் குணச்சித்திர நடிகராக வேண்டும் என்கிறான்: இங்கிலாந்தில் அந்தத் தொழில் எப்படி நடக்கிறது?

கேள்வி: லண்டன் ஹாரோவில் இருக்கிறோம். மகனுக்கு 17 வயது. ஏ-லெவலில் உயிரியல், வேதியியல், நாடகம் படிக்கிறான். பள்ளி நாடகங்களில் அவனுக்கு எப்போதும் தாத்தா, நீதிபதி, கடைக்காரர் வேடம்தான். அருமையாகச் செய்கிறான் என்கிறார் ஆசிரியர். கதாநாயகன் முகம் தனக்கில்லை என்று அவனே சொல்கிறான். சினிமாவிலும் டிவியிலும் குணச்சித்திர நடிகராக இருப்பானாம். முதலில் ஒரு டிகிரியை முடி, பிறகு டிராமா ஸ்கூலுக்குப் போ என்கிறோம். இது சரியா?

பதில்: உங்கள் மகன் தன்னைப் பற்றி எடுத்திருக்கும் முடிவு தெளிவானது. 17 வயதில் அந்தத் தெளிவு பலருக்கு வருவதில்லை. நீங்கள் இருவரும் சேர்ந்து பார்க்க வேண்டியது காலக்கணக்கைத்தான். இங்கிலாந்தில் குணச்சித்திர நடிகரின் நல்ல காலம் பெரும்பாலும் 40 வயதுக்குப் பிறகே வருகிறது. ஆகவே 'பிழைப்பானா?' என்று கேட்பதைவிட, 18 முதல் 40 வரை கடனில் மூழ்காமல், மனம் நொந்து விலகாமல் எப்படிக் களத்தில் நிற்பான் என்று கேளுங்கள். கீழே வரும் எல்லாம் அந்தக் கேள்விக்கான பதில்தான்.

சிலருடைய வயதைப் பாருங்கள். ஆலன் ரிக்மன் கிராஃபிக் டிசைன் படித்து, நண்பர்களோடு ஸ்டூடியோ நடத்தி, 26 வயதில்தான் லண்டனின் புகழ்பெற்ற நடிப்புப் பள்ளியான ராடாவில் சேர்ந்தார். அவருடைய முதல் திரைப்படம் 1988இல் வந்தபோது அவருக்கு 42. பிரெண்டா பிளெத்தின் பிரிட்டிஷ் ரயில்வேயில் அலுவலக வேலை பார்த்தவர். கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருதை வாங்கியபோது வயது 50. துப்பறியும் 'வேரா'வாக டிவியில் அவர் தொடங்கியது 2011இல், 65 வயதில். 2025 வரை அந்த வேடம் ஓடியது. பீட் போசில்த்வெய்ட் ஆசிரியப் பயிற்சி முடித்த பிறகு பிரிஸ்டலில் நடிப்புப் படித்து, லிவர்பூல் எவ்ரிமேன் நாடக அரங்கில் வளர்ந்தவர். ஆஸ்கர் பரிந்துரை வந்தபோது 48ஐத் தொட்டுக்கொண்டிருந்தார். லிஸ் ஸ்மித் முறையாக நடிக்கத் தொடங்கியதே ஐம்பதை ஒட்டி. சீக்கிரம் வந்தவர் டிமத்தி ஸ்பால்: நேஷனல் யூத் தியேட்டர், ராடா, 26 வயதில் டிவியில் பெயர். அவருக்கும் கான் விருது 2014இல், 57 வயதில்தான் கிடைத்தது.

லண்டன் தமிழ்க் குடும்பங்களில் இந்தப் பேச்சு எழுந்தால் உடனே 'பிரிட்ஜர்டன்' தொடரில் நடித்த சிமோன் ஆஷ்லியும் சரித்ரா சந்திரனும்தான் நினைவுக்கு வருவார்கள். அவர்கள் போனது முன்னணி வேடங்களின் பாதை; அங்கே இருபதுகள் முக்கியம். அந்த அளவுகோலை மகன் மேல் வைத்து 25 வயதில் 'தோற்றுவிட்டான்' என்று முடிவு கட்டிவிடாதீர்கள்.

இனி உங்கள் யோசனைக்கு வருவோம். 'முதலில் ஒரு டிகிரி' என்பதில் பலர் கவனிக்காத ஒரு பொறி இருக்கிறது. பெரிய டிராமா ஸ்கூல்களின் மூன்றாண்டுப் படிப்பும் பி.ஏ. பட்டம்தான். இங்கிலாந்து மாணவருக்கு 2025-26இல் அதிகபட்சக் கட்டணம் ஆண்டுக்கு 9,535 பவுண்டு. அதற்கு அரசுக் கடன் உண்டு. வேறொரு பட்டத்துக்கு அந்தக் கடனை வாங்கிவிட்டால், இரண்டாவது மூன்றாண்டுப் பட்டத்துக்கு முழுக் கடன் கிடைக்காது. பிறகு மிஞ்சும் வழி முதுகலை நடிப்புப் படிப்பு. முதுகலைக் கடன் பல பள்ளிகளில் முழுக் கட்டணத்துக்கே போதாது, லண்டன் செலவு தனி. ஆகவே டிகிரியா டிராமா ஸ்கூலா என்பது இப்போதே எடுக்க வேண்டிய முடிவு. அந்த அரசுக் கடன் சலுகையை எதில் செலவழிப்பது என்று உட்கார்ந்து பேசுங்கள்.

கடனைத் திருப்பும் முறையும் நீங்கள் அஞ்சுவது போல இல்லை. 2023 ஆகஸ்ட் முதல் படிப்பைத் தொடங்கியவர்கள் ஆண்டு வருமானம் 25,000 பவுண்டைத் தாண்டினால், தாண்டிய தொகையில் மட்டும் 9 சதவீதம் கட்டுகிறார்கள். 28,000 சம்பாதித்தால் ஆண்டுக்கு 270 பவுண்டு. வருமானம் குறைந்த ஆண்டில் ஒன்றும் கட்ட வேண்டாம். 40 ஆண்டில் மிச்சம் தள்ளுபடியாகிவிடும். வருமானம் ஏறி இறங்கும் நடிகருக்கு இது தோதான கடன். ஆபத்து கிரெடிட் கார்டில் இருக்கிறது. வகுப்புகள் காலையிலிருந்து மாலை தாண்டியும் ஓடும், பகுதிநேர வேலைக்கு நேரம் கிடைக்காது. வாடகைக்குக் கார்டைத் தேய்ப்பவர்கள்தான் படிப்பு முடிந்ததும் முதலில் விலகுகிறார்கள். உங்கள் வீடு ஹாரோவில் இருப்பது பெரிய வரம். மெட்ரோபாலிட்டன் லைனில் ஏறினால் ராடாவுக்கு யூஸ்டன் ஸ்கொயரிலும், கில்ட்ஹால் நடிப்புப் பள்ளிக்கு பார்பிகனிலும் இறங்கலாம். மகனுக்கு வீட்டில் ஓர் அறை என்பதே நீங்கள் கொடுக்கக்கூடிய மிகப் பெரிய உதவித்தொகை.

(சென்னையிலிருந்தோ யாழ்ப்பாணத்திலிருந்தோ இதைப் படிப்பவர்களுக்கு: வெளிநாட்டு மாணவர் கட்டணம் இதைப்போல் இரண்டு மடங்குக்கும் மேல். மாணவர் விசாவில் சுயதொழில் செய்யவோ தொழில்முறைக் கலைஞராக வேலை பார்க்கவோ அனுமதியில்லை. மேலே போட்ட கணக்கு உங்களுக்குப் பொருந்தாது.)

தேர்வு முழுக்க ஆடிஷனை வைத்துத்தான். மதிப்பெண் நிபந்தனை பள்ளிக்குப் பள்ளி மாறும். ராடா நடிப்புப் பட்டத்துக்கு ஆண்டுக்கு 28 பேரை எடுக்கிறது, விண்ணப்பிப்பவர்கள் ஆயிரக்கணக்கில். பொதுவாக இரண்டு தனிவசனம் கேட்பார்கள்: ஒன்று ஷேக்ஸ்பியர் அல்லது அவர் காலத்துக் கவிதை நாடகம், மற்றது தற்கால நாடகம். ஒவ்வொன்றும் பெரும்பாலும் இரண்டு நிமிடத்துக்குள் முடிய வேண்டும். முதல் சுற்றைப் பல பள்ளிகள் வீடியோவில் வாங்குகின்றன. பிறகு நேரில் பார்க்கிறார்கள், கடைசிச் சுற்று நாள் முழுக்கப் பயிற்சி வகுப்பாக நடக்கும்.

உங்கள் மகனைப் போன்றவர்கள் சறுக்கும் இடம் இங்கேதான் என்பதால் இதைச் சற்று விரித்துச் சொல்கிறேன். பள்ளியில் கைதட்டல் வாங்கிய தாத்தாவை ஆடிஷனுக்குக் கொண்டுபோவார்கள். வளைந்த முதுகு, நடுங்கும் கை, கரகரத்த குரல். தேர்வாளர்கள் பார்க்க விரும்புவது அதற்குள் ஒளிந்திருக்கும் 17 வயதுப் பையனை. வேடத்துக்குப் பின்னால் மறைந்துகொண்டால், கற்றுக்கொள்ளும் திறன் இவனுக்கு எவ்வளவு என்று அவர்களால் எடைபோட முடியாது. தன் வயதுக்குப் பக்கத்தில் உள்ள பாத்திரத்தையே எடுக்கச் சொல்லுங்கள், இரண்டு வசனமும் இரண்டு குணமாக இருக்கட்டும். ஒன்று கோபமென்றால் மற்றதில் ஆசையோ வெட்கமோ குறும்போ. முழு நாடகத்தையும் படித்திருக்க வேண்டும். இந்தப் பேச்சுக்கு ஒரு நிமிடம் முன்னால் அவனுக்கு என்ன நடந்தது என்று கேட்பார்கள். சினிமாவில் புகழ்பெற்ற வசனம் வேண்டாம், அசல் நடிகரின் குரல் தேர்வாளர்களின் காதில் ஓடிக்கொண்டிருக்கும். சொல்லி முடித்ததும் 'இதையே ரகசியம் சொல்வதுபோலச் சொல்' என்று மாற்றச் சொல்வார்கள். மனப்பாடம் செய்த ஏற்ற இறக்கத்திலேயே மறுபடி சொல்பவன் அங்கேயே நின்றுவிடுகிறான்.

தாத்தா வேடத்தின் கதை கேமராவுக்கு முன்னும் அதுதான். வி.கே. ராமசாமி 21 வயதிலேயே திரையில் முதியவராக வந்து நின்றார். இன்றைய இங்கிலாந்து டிவியில் அறுபது வயதுப் பாத்திரத்துக்கு அறுபது வயதுக்காரரைத்தான் கூப்பிடுவார்கள். நடிகரின் விவரப் பக்கத்தில் 'பிளேயிங் ஏஜ்' என்று ஒரு கட்டம் உண்டு, 20 முதல் 27 வரை என்பதுபோல. அந்த வயதில் குணச்சித்திர முகத்துக்குக் கிடைப்பது கான்ஸ்டபிள், மருத்துவமனை உதவியாளர், பார்சல் கொண்டுவருபவர், சாட்சி, நோயாளியின் தம்பி. ஒரு நாள் வேலை, நான்கு வரி.

அந்த நான்கு வரியில்தான் தொழில் இருக்கிறது. மறுநாள் யார் எப்போது வர வேண்டும் என்று சொல்லும் கால் ஷீட் முந்தின மாலை வரும். காலை ஆறு மணிக்கே அழைத்து, மேக்கப் போட்டு, மதியம் வரை வேனில் உட்கார வைப்பார்கள். கூப்பிட்டதும் எல்லாம் ஒரே மூச்சில் நடக்கும். முன்னணி நடிகருக்கு அந்தப் பாத்திரத்தோடு பழக வாரங்கள் கிடைக்கும். இவன் முழு மனிதனாகவே உள்ளே வர வேண்டும். எந்த ஊர்க்காரன், காலையில் சாப்பிட்டானா, இந்தப் போலீஸைப் பார்த்து ஏன் எரிச்சல் என்பதெல்லாம் வீட்டிலேயே முடிவாகியிருக்க வேண்டும். முதலில் தூரத்திலிருந்து எடுப்பார்கள், பிறகு அருகில். எந்தச் சொல்லில் கோப்பையை எந்தக் கையால் எடுத்தான் என்பது ஒவ்வொரு தடவையும் ஒன்றாக இருக்க வேண்டும். மாறினால் எடிட்டிங்கில் அவனுடைய குளோசப்பையே வெட்டிவிடுவார்கள். தரையில் ஒட்டிய குறியில் கீழே பார்க்காமல் வந்து நிற்கவும் பழக வேண்டும். நான்கு வரியில் தன் திறமை முழுவதையும் காட்ட முனைவதுதான் புதியவர்கள் செய்யும் பெரிய தவறு. காட்சி யாருடையதோ அவருக்குத் தேவையானதைத் துல்லியமாகக் கொடுப்பவனை மறுபடி கூப்பிடுகிறார்கள்.

ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும்: இத்தகைய முதல் வேலைகள் குறைந்துவிட்டன. ஒரே நடிகர்களை வைத்து நாடகங்களை மாற்றி மாற்றிப் போட்ட, ஊருக்கு ஊர் இருந்த ரெப்பர்டரி நாடகக் குழுக்கள் அருகிவிட்டன. 1984 முதல் ஓடிய போலீஸ் தொடர் 'தி பில்' 2010இல் நின்றது. பர்மிங்ஹாமில் எடுக்கப்பட்டுப் புதியவர்கள் பலருக்கு முதல் டிவி வாய்ப்பாக இருந்த 'டாக்டர்ஸ்' தொடர் 2024 நவம்பரில் முடிந்தது. மருத்துவமனைத் தொடரான 'காஷுவல்டி'யும் அன்றாட சோப் தொடர்களும் இருக்கின்றன, போட்டி கூடியிருக்கிறது.

வேலை தேடுவது பெரும்பாலும் ஏஜென்ட் வழியாகத்தான். பள்ளியின் மூன்றாமாண்டு நாடகங்களுக்கும், மாணவர்கள் தங்கள் நடிப்பைக் காட்டும் ஷோகேஸுக்கும் அவர்கள் வந்து பார்த்து எடுப்பார்கள். சம்பளத்தில் 10 முதல் 15 சதவீதம் கமிஷன், அதன்மேல் வாட் (VAT) வரி. விளம்பரப் படங்களுக்குக் கூடுதலாக இருக்கலாம். வேலை கிடைத்த பிறகுதான் அவருக்குப் பணம். பதிவுக் கட்டணம், எங்கள் போட்டோகிராஃபரிடமே படம் எடுக்க வேண்டும் என்று முன்பணம் கேட்டால் எழுந்து வந்துவிடுங்கள். 1927இல் தொடங்கிய ஸ்பாட்லைட்தான் நடிகர்களின் பட்டியல். பயிற்சியோ தொழில்முறை அனுபவமோ இருந்தால்தான் சேர்ப்பார்கள். அதில் சொந்த உச்சரிப்பாக லண்டனைப் போடட்டும், பேசும் மொழியாகத் தமிழையும் மறக்காமல் சேர்க்கட்டும். சரளமாகத் தமிழ் பேசத் தெரிந்தவன் என்றால் அதையும் ஒரு தொழில் திறமையாகக் காட்டலாம்.

ஆடிஷன் இப்போது பெரும்பாலும் வீட்டிலேயே எடுக்கும் செல்ஃப்-டேப். ஒன்றிரண்டு நாள்தான் அவகாசம் தருவார்கள், போன் கேமரா போதும். படுக்கைவாட்டில் வைத்து, வெறும் சுவருக்கு முன், நெஞ்சுக்கு மேல் தெரியும்படி எடுக்க வேண்டும். வெளிச்சம் முகத்தில் விழட்டும், முதுகுக்குப் பின்னால் ஜன்னல் கூடாது. எதிர் வசனத்தை வாசிக்க ஓர் ஆள் வேண்டும், அது பெரும்பாலும் அம்மாதான்! லென்ஸை ஒட்டி நின்று, தாழ்ந்த குரலில், நடிக்காமல் வாசியுங்கள். மைக் உங்கள் பக்கத்தில் இருப்பதால் நீங்கள் குரலை உயர்த்தினால் மகனின் குரல் கேட்காது. இரண்டு மூன்று டேக் எடுத்து நல்லதை அனுப்பிவிட்டு மறந்துவிடச் சொல்லுங்கள். பதில் வராமலிருப்பதுதான் வழக்கம்.

பெயரையும் இப்போதே முடிவு செய்யலாம். 1930இல் தொடங்கிய நடிகர் சங்கமான ஈக்விட்டியில் ஒரே பெயரில் இரண்டு உறுப்பினர் இருக்க முடியாது. டேவிட் மெக்டொனால்ட் அதனால்தான் டேவிட் டெனன்ட் ஆனார். நம் நீளப் பெயர்களுக்கு அந்தச் சிக்கல் குறைவு. சுருக்க வேண்டிய தேவையும் இல்லை. ஆங்கில எழுத்துக்கூட்டலை மட்டும் ஒருமுறை தீர்மானித்து எங்கும் அதையே எழுதட்டும். படிக்கும்போதே மாணவர் உறுப்பினராகச் சேரலாம். ஒப்பந்தத்தில் மறு ஒளிபரப்புக்குப் பணம் உண்டா, எல்லாவற்றையும் ஒரே தொகையில் எழுதி வாங்கிவிடுகிறார்களா என்பதைச் சங்கத்திடம் கேட்டுவிட்டுத்தான் கையெழுத்துப் போட வேண்டும்.

வரி பல இளம் நடிகர்களைக் கவிழ்த்திருக்கிறது. நடிகர் சுயதொழில் செய்பவர். முதல் வருமானம் வந்த வரி ஆண்டு முடிந்த அக்டோபர் 5க்குள் பதிவு, ஜனவரி 31க்குள் கணக்கும் பணமும். வரி 1,000 பவுண்டைத் தாண்டினால், பெரும்பாலும் அதே ஜனவரியில் அடுத்த ஆண்டுக்கான முன்பணமாகப் பாதித் தொகையும், மறு பாதி ஜூலை 31லும் கேட்பார்கள். நல்ல ஆண்டைத் தொடர்ந்து வெற்று ஆண்டு வந்தால் இது கழுத்தை நெரிக்கும். ஒவ்வொரு சம்பளத்திலும் கால் பங்கைத் தனிக் கணக்கில் போட்டுவிட்டால் பிரச்சினையில்லை. கமிஷன், ஸ்பாட்லைட் கட்டணம், ஆடிஷன் பயணம் ஆகியவற்றின் ரசீதுகளைச் சேர்த்து வைக்க வேண்டும்.

இடைக்கால வேலை வளைந்து கொடுக்க வேண்டும். நாளைக் காலை லீட்ஸில் படப்பிடிப்பு என்றால் இன்று மாலை விடுப்புக் கிடைக்காத வேலை எதுவும் உதவாது. உயிரியலும் வேதியியலும் படித்த உங்கள் மகனுக்கு டியூஷன் இருக்கிறது. இன்னொன்று பெற்றோருக்கு அதிகம் தெரியாது: மருத்துவக் கல்லூரிகள் மாணவர்களின் தேர்வுகளில் நோயாளியாக நடிக்க ஆள் எடுக்கின்றன. வயிற்று வலியென்று வந்து குடிப்பழக்கத்தை மறைப்பவராக, கெட்ட செய்தி கேட்கும் தந்தையாக ஒரே நாளில் இருபது மாணவர்களுக்கு ஒரே மாதிரி நடிக்க வேண்டும். குணச்சித்திர நடிகருக்கு இதைவிட நல்ல பயிற்சிக் களம் கிடையாது, சம்பளமும் கிடைக்கும்.

இந்த ஆண்டு ஏ-லெவலை ஒழுங்காக முடிக்கட்டும், மூன்று பாடத்தையும் விடாமல். இலையுதிர் காலத்தில் விண்ணப்பங்கள் திறக்கும்போது நான்கைந்து பள்ளிகளுக்குப் போடட்டும். ஆடிஷன் கட்டணம் வாங்கும் சில பள்ளிகளில் குறைந்த வருமானக் குடும்பங்களுக்கு விலக்கு உண்டு, கேளுங்கள். கிடைக்காவிட்டால் அடுத்த ஆண்டு மறுபடி போடலாம். இரண்டாவது மூன்றாவது முயற்சியில் சேர்ந்தவர்கள் நிறைய. அந்த இடைவெளியில் 14 முதல் 25 வயதினரை எடுக்கும் நேஷனல் யூத் தியேட்டருக்கு முயலலாம், டியூஷன் எடுத்துப் பணம் சேர்க்கலாம். மூன்று முறை போட்டும் ஒரு பள்ளியில்கூட முதல் சுற்றைத் தாண்டவில்லை என்றால், அப்போது உயிரியல் பட்டப்படிப்பைப் பற்றிப் பேசுங்கள். அதுவரை கடன் சலுகையைத் தொடாமல் வைத்திருங்கள்.